எந்தக் கணபதிப்பிள்ளை?

ஒரு பெயரின் கீழ் ஒரே ஆளின் ஆக்கங்கள் மட்டும் நிற்க வேண்டும் என்பதும், ஓர் ஆள் எத்தனை பெயர்களில் எழுதியிருந்தாலும் பாடியிருந்தாலும் நடித்திருந்தாலும் அவை யாவும் ஓரிடத்தில் அகப்பட வேண்டும் என்பதும் நூற்பட்டியல் தயாரிப்பவரின் தொழிலில் மாறாத இரண்டு கடமைகளாகும். முதலாவதில் தவறினால் இருவர் ஒருவராகிவிடுவர். இரண்டாவதில் தவறினால் ஒருவர் இருவராகப் பிரிந்துவிடுவார். இவ்விரு தவறுகளையும் தடுப்பதற்காக, ஒருவருடைய பெயரை எந்த வடிவில் எழுதுவது என்று ஒருமுறை தீர்மானித்து, ஏனைய வடிவங்கள் அனைத்தையும் அந்த வடிவத்துக்குச் சுட்டிவிடும் முறையை நூலகவியலார் பெயர்க் கட்டுப்பாடு என்று அழைப்பர். அமெரிக்க நூலகர் சார்ல்ஸ் கட்டர் 1876ஆம் ஆண்டு வெளியிட்ட விதிகளிலேயே, ஓர் ஆசிரியரின் நூல்களுள் எவை நூலகத்தில் உள்ளன என்பதைக் காட்டுவது பட்டியலின் நோக்கங்களுள் ஒன்றாக வைக்கப்பட்டிருந்தது. ஆனால் அவ்விதிகள் குடும்பப்பெயர் உள்ள சமூகத்தை மனத்திற்கொண்டு எழுந்தவை. தலைப்பெழுத்து ஒன்றையே துணையாகக் கொண்ட பெயர்கள் குவிந்திருக்கும், வன்னியிலுள்ள அக்கராயன் போன்றதோர் ஊரில் அவ்விதிகளோடு உட்காருபவர், முதல் வாரத்திலேயே அவற்றை ஒருபுறம் வைத்துவிட்டு அயலவரிடம் விசாரிக்கத் தொடங்கிவிடுவார்.

தலைப்பெழுத்து என்பது ஈழத்தில் பெரும்பாலும் தந்தை பெயரின் முதலெழுத்தாகும். மு. தளையசிங்கமும் மு. பொன்னம்பலமும் உடன்பிறந்தோர் என்பதற்கு அந்த ‘மு’ ஒரு குறிப்பைத் தரக்கூடும். ஆனால் ‘மு’ என்று தொடங்கும் தந்தையர் ஊருக்கு ஊர் இருப்பதால் அதற்குமேல் அது எதையும் உறுதிப்படுத்துவதில்லை. தமிழ்நாட்டில் பழைய வழக்கப்படி இரண்டு எழுத்துகள் வருமிடத்து முதலாவது ஊரையும் இரண்டாவது தந்தையையும் குறிப்பதுண்டு. இந்திய நூலகவியலின் முன்னோடியும் 1934இல் பட்டியல் விதிநூல் ஒன்றை வெளியிட்டவருமான எஸ். ஆர். இரங்கநாதனின் ‘எஸ்’ அவருடைய ஊரான சீர்காழியை ஆங்கிலத்தில் ‘ஷியாலி’ என்று எழுதிய வழக்கிலிருந்து வந்தது, ‘ஆர்’ தந்தையான இராமாமிர்தத்திலிருந்து வந்தது. பெயர்களைப் பிரித்தறியும் விதிகளை வகுத்தவரின் பெயரிலேயே ஊர், தந்தை, தன்பெயர் என்ற மூன்றும் இருப்பது தற்செயலானாலும் பொருத்தமானது.

இந்த மூன்றையும் சேர்த்து ஒருவரை அடையாளங்காட்டும் வழக்கம் தமிழில் மிகப் பழையது. சங்கத் தொகைநூல்களில் ஏழு பாடல்களுக்கு உரியவராகக் காணப்படும் ஈழத்துப் பூதந்தேவனார் என்னும் பெயரில் ஈழம் இடத்தையும், பூதன் தந்தையையும், தேவன் புலவரையும் குறிப்பதாகக் கொள்வர். சில இடங்களில் அதன்முன் மதுரை என்ற சொல்லும் சேர்ந்துவருவதால், பிறந்த இடத்தையும் வாழ்ந்த இடத்தையும் அந்தக் காலத்துத் தொகுப்பாளரே ஒன்றாக அடுக்கிவைத்தார் என்று தோன்றுகிறது. இத்தகைய அடைமொழி இல்லாதவிடத்து நேரும் குழப்பத்துக்கு நக்கீரர் நல்ல எடுத்துக்காட்டு. நெடுநல்வாடையைப் பாடியவரும் பதினோராந் திருமுறையில் இடம்பெறும் நக்கீரதேவ நாயனாரும் பல நூற்றாண்டு இடைவெளியில் வாழ்ந்தவர்கள் என்று ஆய்வாளர் பிரித்துக்காட்டிய பின்னரும், பாடசாலைக் கட்டுரைகளில் இருவரும் ஒருவராகவே உலவுகின்றனர். கபிலருக்கும் ஔவையாருக்கும் நேர்ந்ததும் இதுவே.

அண்மைக்காலத்துக்கு வந்தால், ஈழத்துத் தமிழ் நூல்களைப் பதிபவர் தவிர்க்க முடியாமல் எதிர்கொள்ளும் பெயர் கணபதிப்பிள்ளை. பண்டிதமணி சி. கணபதிப்பிள்ளை 1899இல் மட்டுவிலில் பிறந்து 1986 வரை வாழ்ந்தவர். சைவத்திலும் கந்தபுராணத்திலும் தோய்ந்தவர். கட்டுரை நூல்கள் பலவற்றை எழுதியவர். பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை 1903இல் பிறந்து 1968இல் மறைந்தவர். இலங்கைப் பல்கலைக்கழகத்தில் தமிழ்ப் பேராசிரியராக இருந்தவர். யாழ்ப்பாணப் பேச்சுவழக்கை மேடைக்குக் கொண்டுவந்த நாடகங்களையும் ‘சங்கிலி’ என்ற வரலாற்று நாடகத்தையும் எழுதியவர். இருவரும் ஒரே தலைமுறையினர், இருவரும் தமிழறிஞர், இருவரும் யாழ்ப்பாணத்தவர். பழைய மலர்களில் ‘திரு. கணபதிப்பிள்ளை அவர்கள்’ என்று மட்டும் இருக்குமாயின், கட்டுரையின் பொருள் கந்தபுராணமாக இருந்தால் முன்னவர், பேச்சுத்தமிழாக இருந்தால் பின்னவர் என்று ஊகிக்கத் தோன்றும்; எனினும் பொருளை வைத்து ஆளைத் தீர்மானிப்பது இத்தொழிலில் மிக எளிதான, மிக ஆபத்தான குறுக்குவழியாகும். பண்டிதமணி என்ற பட்டத்தையும் நம்ப முடியாது. தமிழ்நாட்டில் மகிபாலன்பட்டியைச் சேர்ந்த மு. கதிரேசச் செட்டியாரும் பண்டிதமணி என்றே அறியப்பட்டவர்.

இதைக் காட்டிலும் நுட்பமான வழக்கு ஆ. சதாசிவம்பிள்ளை, ஆ. சதாசிவம் ஆகியோருடையது. முன்னவர் 1820இல் மானிப்பாயில் பிறந்து 1896இல் மறைந்தவர், ‘உதயதாரகை’யின் ஆசிரியராக இருந்தவர், தமிழ்ப் புலவர்களின் வரலாற்றைக் கூறும் ‘பாவலர் சரித்திர தீபகம்’ என்னும் நூலை 1886இல் வெளியிட்டவர். பின்னவர் 1926 முதல் 1988 வரை வாழ்ந்த பேராசிரியர், ‘ஈழத்துத் தமிழ்க் கவிதைக் களஞ்சியம்’ என்னும் தொகுப்பை 1966இல் பதிப்பித்தவர். தலைப்பெழுத்து ஒன்று, பெயர் ஒன்று, துறையும் ஏறத்தாழ ஒன்று. வேறுபாடு ‘பிள்ளை’ என்ற ஒரு சொல் மட்டுமே. பட்டியலில் இடத்தை மிச்சப்படுத்துவதற்காகப் பிள்ளை, செட்டியார், ஐயர் போன்ற பின்னொட்டுகளை வெட்டிவிடும் பழக்கம் உள்ளவர் இங்கே ஒரு நூற்றாண்டையே வெட்டிவிடுவார். மறுபுறத்தில், அந்த முதலாம் சதாசிவம்பிள்ளை கிறித்தவப் பெயரில் ஜே. ஆர். ஆர்னல்ட் என்றும் எழுதப்பட்டதால், அவரைத் தமிழ்ப் பெயரில் ஓரிடத்திலும் ஆங்கிலப் பெயரில் வேறோரிடத்திலும் வைத்த பட்டியல்கள் ஒருவரை இருவராக்கிவிடுகின்றன. மேலே கூறிய இரண்டு கடமைகளும் ஒரே ஆளிடத்தில் சோதனைக்குள்ளாகும் வழக்கு இது; புதிதாக இவ்வேலைக்கு வருபவருக்கு முதற் பயிற்சியாக இதனையே கொடுப்பது நல்லது.

நிகழ்த்துகலைஞரிடத்தில் சிக்கல் வேறு வகையானது, ஏனெனில் நூலுக்கு முகப்புப் பக்கம் உண்டு, ஒலிநாடாவுக்கு உறையும் ஒட்டுத்தாளும் மட்டுமே உண்டு, மேடைக்கு அதுவும் இல்லை. காங்கேசன்துறையைச் சேர்ந்த நடிகமணி வி. வி. வைரமுத்து 1924இல் பிறந்து 1989இல் மறைந்த இசைநாடகக் கலைஞர். அரிச்சந்திர மயான காண்டத்தை ஊரூராகக் கொண்டுசென்றவர். தமிழ்நாட்டுத் திரைப்படப் பாடலாசிரியர் வைரமுத்து 1953இல் பிறந்தவர். வன்னியில் ஒரு வீட்டு அலுமாரியிலிருந்து எடுக்கப்படும் ஒலிநாடாவின் மேல் கைப்பட ‘வைரமுத்து பாடல்’ என்று எழுதியிருந்தால், அந்தச் சொற்றொடர் பாடியவரைக் குறிக்கிறதா, பாட்டை எழுதியவரைக் குறிக்கிறதா என்பது நாடாவைப் போட்டுக் கேட்கும்வரை தெரியாது. அதனால் கலைஞருடைய பெயருடன் அவர் ஆற்றிய பணியையும், அதாவது பாடியவர், இயற்றியவர், நெறிப்படுத்தியவர், தவில் வாசித்தவர் என்பதையும், சேர்த்தே பதிய வேண்டியிருக்கிறது.

தவிலுலகம் இச்சிக்கலைத் தானாகவே தீர்த்துக்கொண்டது. 1933 முதல் 1975 வரை வாழ்ந்த தவில் மேதை தெட்சணாமூர்த்தி தமிழ்நாட்டுக் கச்சேரிகளில் ‘யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தி’ என்றே விளம்பரப்படுத்தப்பட்டார். அவருக்கு முந்திய தலைமுறையில் மிருதங்கத்திலும் கஞ்சிராவிலும் புகழ்பெற்றிருந்தவர் புதுக்கோட்டை தட்சிணாமூர்த்தி பிள்ளை. திரையிசையில் சுசர்ல தட்சிணாமூர்த்தி என்றொருவர் இருந்தார். ஊர்ப்பெயரோ குடும்பப்பெயரோ முன்னால் நின்றதால் இரசிகர் எவரும் தடுமாறவில்லை. ஆனால் ஊர்ப்பெயரும் சில வேளைகளில் ஏமாற்றும். தமிழ்நாட்டு வாசகருக்குப் ‘புதுவை’ என்றால் புதுச்சேரி; புதுவை இரத்தினதுரையோ யாழ்ப்பாணத்துப் புத்தூரில் பிறந்த கவிஞர். ‘முல்லை’ என்பது முல்லைமணிக்கு முல்லைத்தீவையும் சென்னைப் பதிப்பாளர் முல்லை முத்தையாவுக்கு வேறொன்றையும் குறிக்கும்.

திரைத்துறையில் தொழிலே பெயரைத் திருத்திக்கொள்ளச் செய்கிறது. ஏற்கனவே சரவணன் என்ற நடிகர் இருந்ததால் சிவகுமாரின் மகன் சரவணன் 1997இல் ‘நேருக்கு நேர்’ படத்தின்போது சூர்யாவானார். அமெரிக்காவில் மைக்கேல் டக்ளஸ் என்ற பெயர் முன்னரே எடுபட்டிருந்ததால் அதே பெயருடைய மற்றொருவர் மைக்கேல் கீட்டன் ஆனார். எழுத்துலகில் இப்படி விட்டுக்கொடுத்தவர் அரிது. அமெரிக்க நாவலாசிரியர் வின்ஸ்டன் சர்ச்சில் அந்தக் காலத்தில் கூடுதலாக அறியப்பட்டிருந்ததால், பிற்காலத்தில் பிரித்தானியப் பிரதமராக வந்தவர் தமது நூல்களில் வின்ஸ்டன் ஸ்பென்சர் சர்ச்சில் என்று கையொப்பமிட இணங்கினார். தமிழில் அவ்வாறான உடன்படிக்கை ஏதும் இல்லாததால், வீணை வித்துவானும் ‘அந்த நாள்’ (1954) படத்தின் இயக்குநருமான எஸ். பாலச்சந்தருக்கும் இயக்குநர் கே. பாலசந்தருக்கும் இடையே ஒரு தலைப்பெழுத்தும் ஒரு ‘ச்’சும் மட்டுமே காவல் நிற்கின்றன.

எழுத்துக்கூட்டல் உண்மையில் பெரிய காவல்தான், ஆனால் அச்சுக்கோப்பவரின் கையில் அது எளிதில் கலைந்துவிடும். கோவை ஞானி (1935–2020) மார்க்சியத் திறனாய்வாளர். ஞாநி (1954–2018) இதழாளரும் ‘பரீக்‌ஷா’ நாடகக் குழுவை நடத்தியவரும் ஆவார். றன்னகரமும் தந்நகரமும் மாறினால் ஆள் மாறிவிடுகிறார்; ரோமன் எழுத்தில் எழுதினால் இருவரும் ஒருவராகிவிடுகின்றனர். அவ்வாறே ஆங்கில ‘எஸ்’ என்ற ஓரெழுத்துக்குள் சி. சிவசேகரம், செ. கணேசலிங்கன், சு. வித்தியானந்தன் ஆகிய மூவரின் மூன்று வேறு எழுத்துகளும் அடங்கிவிடுவதால், ஆங்கிலப் பட்டியலிலிருந்து தமிழுக்கு மீளும்போது எந்த எழுத்தை இடுவது என்பதை நூலைக் கையில் எடுத்துப் பார்த்தே முடிவுசெய்ய வேண்டும். மறுதிசையில், ஆங்கில ‘டி’யை ஈழத்தவர் ‘ரி’ என்று எழுதும் வழக்கத்தால், குரும்பசிட்டியைச் சேர்ந்த நாடகக் கலைஞர் ஏ. ரி. பொன்னுத்துரை தமிழ்நாட்டுக் குறிப்பொன்றில் ஏ. டி. பொன்னுத்துரையாகத் தோன்றி இன்னொருவர்போல நிற்பார். அவரை ‘தீ’, ‘சடங்கு’ ஆகிய நாவல்களை எழுதிய எஸ். பொன்னுத்துரையிலிருந்து பிரிப்பதோ வேறொரு வேலை. தமிழ்நாட்டில் எஸ். ராமகிருஷ்ணன் என்ற பெயரில் மூவர் எழுத்துலகில் அறியப்பட்டிருந்தனர்: ‘சஞ்சாரம்’ நாவலுக்காக 2018இல் சாகித்திய அகாதெமி விருது பெற்ற எழுத்தாளர், க்ரியா பதிப்பகத்தை நிறுவி அகராதி தந்து 2020இல் மறைந்தவர், கம்பனை மில்டனோடு ஒப்பிட்டு எழுதிய மார்க்சிய அறிஞர். இம்மூவருக்கும் தலைப்பெழுத்தும் ஒன்றே என்பதால் இங்கே பிறந்த ஆண்டும் செய்த தொழிலுமே உதவும்.

புனைபெயர் இச்சிக்கலுக்குத் தீர்வாக எடுத்துக்கொள்ளப்படுவது; சில வேளைகளில் அதுவே சிக்கலாகிவிடுகிறது. அளவெட்டியைச் சேர்ந்த து. உருத்திரமூர்த்தி (1927–1971) ‘மஹாகவி’ என்ற புனைபெயரைத் தேர்ந்தபோது, பாரதியார் ஏற்கனவே மகாகவி என்ற அடைமொழியோடு இருந்தார். கிரந்த ‘ஹ’கரமே இருவருக்கும் இடையிலுள்ள வேலி. அவருடைய மகன் சேரன் கவிஞர், தமிழ்நாட்டில் அதே பெயரில் ‘ஆட்டோகிராப்’ இயக்குநர் இருக்கிறார். மகள் அவ்வை ‘எல்லை கடத்தல்’ தொகுப்பின் கவிஞர், அவரது பெயரோ தமிழின் மிகப் பழைய பெயர்க் குழப்பத்தின் பெயர். ஒரே குடும்பத்தில் மூன்று சுட்டுப்பதிவுகள் தேவைப்படுவது பட்டியலாளருக்குத் தொல்லையாயினும், அதில் ஒரு சுவை இருப்பதை மறுப்பதற்கில்லை. அக்கராயனுக்கு அண்மையில், கிளிநொச்சியில் வாழும் கவிஞரும் ‘பலியாடு’ தொகுப்பின் ஆசிரியருமான கருணாகரன் தலைப்பெழுத்தே இல்லாமல் எழுதுபவர். ‘சூது கவ்வும்’ (2013) வெளிவந்த பின், அப்பெயரைச் சொன்னால் இளைஞர் பலருக்கு நினைவில் வருபவர் சென்னை நடிகர் கருணாகரன். பரந்தன் குமரபுரத்தைச் சேர்ந்த நாவலாசிரியர் தாமரைச்செல்வியும் தமிழ்நாட்டுப் பாடலாசிரியர் தாமரையும் பெயரின் பாதியைப் பகிர்ந்துகொள்வதால், சுருக்கி எழுதும் பழக்கமுள்ள இடங்களில் கவனம் தேவை.

அக்கராயனில் இந்த வேலை ஏன் கூடுதலாகக் கடினப்படுகிறது என்பதற்குக் காரணம் ஊர்ப்பெயரின் நிலையின்மையாகும். கிளிநொச்சி நகருக்குத் தென்மேற்கே, குளத்தை அண்டி அமைந்த இக்குடியிருப்பில் பழைய வன்னிக் குடிகளோடு, குடியேற்றத் திட்டங்களின்வழி யாழ்ப்பாணத் தீபகற்பத்திலிருந்து வந்தவர்களும், வன்செயல்களுக்குத் தப்பி மலையகத்திலிருந்து வந்தவர்களும் கலந்து வாழ்கின்றனர். 1996இல் கிளிநொச்சி நகரத்தவர் பலர் அக்கராயனுக்கும் ஸ்கந்தபுரத்துக்கும் இடம்பெயர்ந்து வந்தனர். 2008இல் அக்கராயன் மக்களே இடம்பெயர்ந்தனர். ஆகவே ஓர் அண்ணாவியாரின் பெயருக்கு முன்னால், கூத்தைப் பழக்கி மேடையேற்றும் அந்த ஆசானின் பெயருக்கு முன்னால், எந்த ஊரை எழுதுவது என்ற கேள்விக்குப் பிறந்த ஊர், குடியேறிய ஊர், இடம்பெயர்ந்திருந்த ஊர், மீளக் குடியேறிய ஊர் என நான்கு விடைகள் வரக்கூடும். நான்கு கூத்து நோட்டீஸ்களில் நான்கு ஊர்களோடு ஒரே பெயர் வந்தால், அவர் ஒருவராகவும் இருக்கலாம், நால்வராகவும் இருக்கலாம்.

காத்தவராயன் சிந்துநடைக் கூத்தில் இதற்கு நேர்மாறான இடர் உண்டு. விடியவிடிய ஆடப்படும் இக்கூத்தில் காத்தவராயனாக ஒருவர்பின் ஒருவராகப் பலர் தோன்றுவர். முன்காத்தான், பின்காத்தான் என்று அவர்களைப் பிரித்துச் சொல்வர். நன்றாக ஆடியவருக்கு அந்தப் பாத்திரப் பெயரே ஊரில் நிலைத்துவிடுவதால், ‘காத்தான்’ என்று மட்டும் சொல்லப்படுபவர் எந்த ஆண்டின், எந்தக் கோயிலடியின், எந்தப் பகுதிக் காத்தான் என்று கேட்டறியாமல் பதிந்தால், மூன்று கலைஞரின் உழைப்பு ஒரு பெயரின் கீழ் புதைந்துவிடும்.

இவ்வேலையில் ஈடுபட்ட பட்டியலாளர் ஒருவர் தொடக்க காலத்தில் செய்த தவறு இங்கே குறிப்பிடத்தக்கது. தலைப்பெழுத்தும் பெயரும் ஒன்றாகவும், இருவருமே காத்தவராயன் பழக்கியவர்களாகவும் இருந்த இரண்டு அண்ணாவிமாரை அவர் ஒரே அட்டையில் பதிந்தார். ஒருவர் வலிகாமத்திலிருந்து வந்து குடியேறியவர், மற்றவர் முல்லைத்தீவுப் பக்கத்தவர். அந்த அட்டையை நம்பித் தயாரிக்கப்பட்ட ஒரு விழா மலரில், முன்னவர் இறந்து மூன்று ஆண்டுகள் கழித்துக் கூத்தொன்றைப் பழக்கியதாக அச்சேறியது. குடும்பத்தவர் வந்து, கோபப்படாமல், ‘இது எங்கட ஐயா இல்லை’ என்று மட்டும் சொல்லிவிட்டுப் போயினர். தவறை ஒப்புக்கொள்வது ஒரு நாளில் முடிந்தது. திருத்துவதற்கு இரண்டு ஆண்டுகள் சென்றன, ஏனெனில் அட்டையிலிருந்த இருபதுக்கு மேற்பட்ட செய்திகளுள் எது எந்த நோட்டீஸிலிருந்து, எவருடைய வாய்மொழியிலிருந்து எடுக்கப்பட்டது என்பது எழுதப்பட்டிருக்கவில்லை. மூலம் குறிக்கப்படாத செய்தி இரண்டு ஆள்களுக்கும் சமமாகப் பொருந்தியது. அதன்பின் அவ்விடத்தில் கடைப்பிடிக்கப்பட்ட முறை, ஐயம் இருக்குமிடத்து இரண்டு அட்டைகளாகவே வைப்பது, ஒவ்வொரு செய்தியின் பக்கத்திலும் அது கிடைத்த இடத்தை எழுதுவது என்பதாகும். பிரிந்திருக்கும் இரண்டு அட்டைகளைப் பின்னர் ஒன்றாக்குவதற்கு ஒரு கோடு போதும். கலந்துவிட்ட ஒன்றைப் பிரிப்பது தண்ணீர் கலந்த பாலைப் பிரிப்பதை ஒத்தது, அன்னப்பறவையும் அக்கராயன் குளத்தில் இல்லை.

ஆதாரங்களுள் மிகவும் பயன்படுவது எவரும் நூலென்று மதிக்காத ஒன்று. இறந்தவரின் முப்பத்தோராம் நாளில் உறவினருக்கும் அயலவருக்கும் வழங்கப்படும் நினைவு மலர், அதாவது ஊர்வழக்கில் கல்வெட்டு எனப்படும் சிறு வெளியீடு, பெற்றோர் பெயர், பிறந்த நாள், மணஞ்செய்த இடம், பிள்ளைகள், மருமக்கள் ஆகிய யாவற்றையும் வரிசையாகத் தருகிறது. பத்திரிகை மரண அறிவித்தலில் வரும் ‘பிறப்பிடமாகவும்’, ‘வதிவிடமாகவும்’ என்ற இரண்டு சொற்கள், ஊர்ச்சிக்கலை எந்தப் பட்டியல் விதியைவிடவும் நேர்த்தியாகத் தீர்க்கின்றன. பிறப்பிடம் தீவகமாகவும் வதிவிடம் அக்கராயனாகவும் இறுதியில் கனடாவாகவும் அமைந்த ஓர் அறிவித்தல் மூன்று அட்டைகளை ஒன்றாக்கிய சந்தர்ப்பமும் உண்டு. அடுத்ததாகக் கும்பாபிஷேக மலர்களும் பாடசாலைப் பொன்விழா மலர்களும் வருகின்றன. வன்னியில் 2009இன் பின் இவை வீடுகளில் மிகக் குறைவாகவே எஞ்சின. காணி உறுதியையும் பிறப்புச் சான்றிதழையும் போட்ட பையில் எவராவது ஒரு கல்வெட்டையும் திணித்துக்கொண்டு போயிருந்தால் உண்டு.

பெண்களின் பெயர் தனியே பேசப்பட வேண்டியது. மணத்துக்கு முன் தந்தையின் எழுத்தோடும் பின் கணவரின் பெயரோடும் எழுதியவர் ஒருவரா இருவரா என்பதை நூலின் முகப்பு சொல்வதில்லை. கையெழுத்துப் பிரதியோ, வானொலி நாடகத்தில் குரல்கொடுத்த கலைஞராயின் உடன் நடித்தவரின் நினைவோதான் சொல்ல வேண்டியிருக்கிறது.

என். செல்வராஜா 2002 முதல், தொகுதிக்கு ஆயிரம் நூல்களாக வெளியிட்டுவரும் ‘நூல் தேட்டம்’ தொகுதிகளும், 2005இல் தொடங்கப்பட்ட நூலகம் எண்ணிம நூலகத்தின் ஆளுமைப் பதிவுகளும் இவ்வேலைக்குப் பெருந்துணை. ஆளுமைப் பதிவில் பெயரோடு தந்தை, தாய், பிறப்பு, ஊர் என்பவற்றுக்குத் தனித்தனி இடம் ஒதுக்கப்பட்டிருப்பது, ஈழத்துப் பூதந்தேவனாரின் பெயரைக் கட்டங்களாகப் பிரித்து வைத்ததுபோலவே இருக்கிறது. உலகளவில் 2012இல் வெளியான தரநிலையின்படி படைப்பாளர் ஒவ்வொருவருக்கும் பதினாறு இலக்க எண் ஒன்று வழங்கப்படுகிறது. பெயர் ஒன்றாக இருந்தாலும் எண் வேறாக இருக்கும். எண் கொடுப்பதற்கு முன் ஆள் ஒருவரா இருவரா என்று தெரிந்திருக்க வேண்டும் என்பதால், அக்கராயன் அண்ணாவிமாரைப் பொறுத்தவரை அந்த எண் இன்னும் கடைசி வேலையாகவே இருக்கிறது.

சங்கத் தொகைகளில் மருதன் இளநாகனார் என்றும் மதுரை மருதன் இளநாகனார் என்றும் இரண்டு வடிவங்கள் காணப்படுகின்றன. இவர்கள் ஒருவரே என்போரும் இருவர் என்போரும் உளர். அந்தப் பழந்தொகுப்பாளர் ‘மதுரை’ என்ற சொல்லைத் தம் விருப்பப்படி சேர்க்கவோ நீக்கவோ செய்யாமல் கிடைத்தபடியே விட்டுச்சென்றதால்தான் அந்த விவாதமாவது சாத்தியமாயிற்று. அக்கராயனில் அட்டைகள் வைக்கப்பட்ட தகரப் பெட்டியிலும் அவ்வாறான ஒரு சோடி இருக்கிறது: ஒரே தலைப்பெழுத்து, ஒரே பெயர், ஒன்றில் ஆர்மோனியக்காரர், மற்றதில் சிந்துப் பாடலாசிரியர். இருவரையும் அறிந்த எவரும் இதுவரை கிடைக்காததால், ஓரட்டையின் அடியில் மற்றதன் எண்ணும் மற்றதன் அடியில் இதன் எண்ணும் பென்சிலால் எழுதப்பட்டுள்ளன.